எடுக்கலை என்று சொன்னேன்

நாலு வருஷத்துக்கு முன்னால், ஒரு மாசி மாசத்தில் நடந்தது இது. ராசிபுரத்திலிருந்து நாமக்கல் போகிற வழியில், மெயின் ரோட்டை விட்டு உள்ளே தள்ளி இருக்கிற ஒரு ஊர். ஊர்ப் பெயர் வேண்டாம். அந்த ஊரில் ஒருவர் பேரை நான் ஏற்கெனவே கெடுத்தது போதும்.

நான் சினிமாவில் ஒளிப்பதிவாளர். பெரிய ஹீரோ படங்களையெல்லாம் நினைத்துக்கொள்ளாதீர்கள். நாலைந்து நண்பர்கள் சேர்ந்து எடுப்பார்களே, தியேட்டருக்கு வருமா வராதா என்று கடைசி வரை யாருக்கும் தெரியாதே, அந்த வகைப் படங்கள். பிறந்து வளர்ந்தது சேலம். சென்னைக்குப் போய் ஒன்பது வருஷம் உதவியாளராக இருந்தேன். என்னோடு சேர்ந்தவர்கள், எனக்குப் பின்னால் வந்தவர்கள், ஃபோகஸ் பார்க்க நானே சொல்லிக்கொடுத்தவர்கள் எல்லோரும் தனியாகப் படம் பண்ணப் போய்விட்டார்கள். எனக்கு மட்டும் "பார்க்கலாம்மா" என்ற ஒரே பதில். வெயிலில் நிற்பாயா, வீட்டில் விடுவார்களா, கல்யாணம் எப்போது என்று கேட்காத தயாரிப்பாளரை நான் பார்த்ததே இல்லை. லென்ஸைப் பற்றி என்னிடம் கேட்டவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

அப்படி வயிறெரிந்துகொண்டிருந்தபோதுதான் நண்பர் ஒருவர் தன் முதல் படத்துக்குக் கூப்பிட்டார். போர்வெல் வண்டியில் வேலைக்குப் போகிறவர்களின் மனைவிகளைப் பற்றிய கதை. எங்கள் பக்கத்தில் இது எல்லோருக்கும் தெரிந்த வாழ்க்கைதான். துளை போடுகிற ரிக் வண்டி ஆந்திரா, ஒடிசா என்று போய்விடும். ஆள் வீட்டுக்கு வருவது வருஷத்தில் இரண்டு தடவை. "பொம்பளைங்க இருக்கற வீட்டுக்குள்ள புகுந்து எடுக்கணும், அதான் உன்னைக் கூப்பிட்டேன்" என்றார் இயக்குநர். என் வேலைக்காக இல்லை, சமையலறைக்குள் போகலாம் என்பதற்காக! கோபம் வந்தது. வாயை மூடிக்கொண்டு சரி என்றேன்.

படப்பிடிப்புக்குக் கிடைத்தது அப்படி ஒரு ரிக் வண்டிக்காரருடைய வீடுதான். அவர் ஒடிசாவில் இருந்தார். வீட்டில் அவருடைய அப்பா, மனைவி, எட்டாவது படிக்கிற பெண் குழந்தை, மூன்று பேர். பெரியவர் படப்பிடிப்புக்கான அனுமதிப் பத்திரத்தைப் படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போட்டார். ஒரே ஒரு நிபந்தனை வைத்தார். ஆம்பளைகள் யாரும் சமையலறைக்குள் காலெடுத்து வைக்கக்கூடாது. அதனால் இயக்குநர் வாசலில் பந்தலுக்கடியில் மானிட்டரை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். உள்ளே நானும் நடிகையும் அந்த வீட்டு அக்காவும்.

முதல் நாள் அந்த அக்கா என்னைப் பார்த்து, "கேமராமேன் எப்ப வருவாருங்க?" என்று கேட்டார். நான்தான் என்றேன். நம்பாமல் ஒரு பார்வை பார்த்தார். சேலத்துக்காரி என்று தெரிந்ததும் முகம் மலர்ந்துவிட்டது. "நம்ம பக்கத்துப் புள்ளையா! வா அம்முணி" என்று அன்றைக்கே ஒருமைக்கு வந்துவிட்டார். நானும் 'அக்கா, அக்கா' என்று ஒட்டிக்கொண்டேன். என்னைவிட ஆறேழு வயதுதான் மூத்தவர். கேமராவைப் பற்றி எல்லாவற்றையும் கேட்பார். இது எதற்கு, அது எதற்கு, இந்தச் சிவப்பு விளக்கு ஏன் எரிகிறது என்று கேட்டார். "இது எரிஞ்சா பதிவாகுதுன்னு அர்த்தம்க்கா. எரியலைன்னா ஆகலை" என்று சொல்லிக்கொடுத்தேன்.

இரண்டாம் நாளே அந்த விளக்கின் மேல் கறுப்பு டேப் ஒட்டிவிட்டேன். எங்கள் தொழிலில் இது வழக்கம். நடித்துப் பழக்கமில்லாதவர்களுக்கு அந்தச் சிவப்பு கண்ணில் பட்டால் உடம்பு விறைத்துப் போகும். ஊர்க்காரர்கள் சிலரை அந்தப் படத்தில் நடிக்க வைத்திருந்தோம். அதனால் ஒட்டினேன். அதை அக்காவிடம் சொல்லவேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை.

ஆறாவது நாள். நடிகை, ரிக் வண்டியில் இருக்கிற கணவனோடு போனில் பேசுகிற காட்சி. சென்னைப் பெண். நன்றாகத்தான் நடித்தார். போனைக் காதில் வைத்ததும் கண்ணில் பொலபொலவென்று தண்ணீர். மூன்று டேக் எடுத்தோம். இயக்குநருக்குத் திருப்தி இல்லை. சாப்பிட்டுவிட்டுப் பார்க்கலாம் என்று வெளியிலிருந்து சத்தம் கொடுத்துவிட்டு, மானிட்டரை அணைத்துவிட்டு எழுந்து போனார். நடிகையும் போய்விட்டார்.

நான் மட்டும் கேமராவுக்குப் பின்னால் கீழே உட்கார்ந்திருந்தேன். அக்கா ஒரு தட்டில் சோறும் கொள்ளுக் கடையலும் போட்டு என் பக்கத்தில் வைத்துவிட்டு, சற்று முன் நடிகை உட்கார்ந்திருந்த அதே இடத்தில் போய் உட்கார்ந்துகொண்டு சிரித்தார்.

"இப்பிடி ஆராச்சும் பேசுவாங்களா அம்முணி? அழுவுனா அவிய போனை வெச்சுப்போடுவாங்க. பக்கத்துல வண்டியாளுங்க நாலு பேரு நிப்பாங்கல்ல."

அப்புறம் எப்படிப் பேசுவீர்கள் என்று கேட்டேன். தன் போனை எடுத்துக் காதில் வைத்து நடித்துக் காட்டினார். சாப்பிட்டீங்களா, என்ன குழம்பு, அங்கே வெயில் எப்படி, மாமாவுக்கு (மாமனாரை அப்படித்தான் சொல்வார்) மாத்திரை வாங்கியாச்சு, பாப்பா நல்லாப் படிக்குது. அவ்வளவுதான், இரண்டு நிமிஷம். பிறகு போனைக் காதிலிருந்து எடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டு, "அவிய வெச்சதுக்கப்பறம் இன்னொண்ணு பேசுவேன். அது எனக்கு மட்டும்" என்றார்.

கூரையில் ஒரு கண்ணாடி ஓடு பதித்திருந்தார்கள். உச்சி வெயில் அதன் வழியாக நேராக இறங்கி அவர் முகத்தில் பாதியை மட்டும் தொட்டுக்கொண்டிருந்தது. அடுப்புப் புகை அந்த வெளிச்சத்தில் மெதுவாக ஏறிக்கொண்டிருந்தது. ஒன்பது வருஷமாக நான் காத்திருந்த வெளிச்சம் அது. கேமரா ஏற்கெனவே அந்த இடத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது. ஃபோகஸைக்கூடத் தொட வேண்டியிருக்கவில்லை; மைக்கும் கேமராவோடு இணைத்தபடியே இருந்தது. வலது கை சோற்றில் இருக்க, இடது கையால் பொத்தானை அழுத்தினேன்.

அவர் போனைப் பார்த்துப் பேசினார். "போன ஆடியில கரு கலைஞ்சப்ப நானே பஸ் ஏறிப் போயிட்டு வந்தனுங்க. உங்ககிட்ட காச்சல்ன்னு சொன்னேன். நீங்க வாரேன்னு சொன்னா எனக்கு ராத்திரித் தூக்கம் வாரதில்லீங்க. நீங்க வராத இருந்தா நிம்மதியா இருக்குதுங்க. தப்புன்னு தெரியுது. ஆனா நிம்மதியா இருக்குதுங்க."

அந்தக் கணவர் குடிப்பவர் இல்லை, அடிப்பவரும் இல்லை. அக்காவே சொல்லியிருக்கிறார். வந்தால் இருபது நாள் இருப்பார், விருந்தாளியைப் பார்த்துக்கொள்வது மாதிரிப் பார்த்துக்கொள்ள வேண்டும், போய்விடுவார். காரணம் காட்ட ஒன்றுமில்லாமல் ஒரு பெண் இப்படி ஒரு வார்த்தையை எங்கள் ஊரில் வெளியே சொல்லிவிட முடியுமா? அதனால்தான் அதைப் போனை வைத்த பிறகு சொல்லிக்கொண்டிருந்தார். அன்றைக்கு எனக்குச் சொன்னார்.

முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, வெட்கப்பட்டுச் சிரித்தார். பிறகு கேமராவைப் பார்த்தார். சிவப்பு எதுவும் எரியவில்லை. இருந்தாலும் கேட்டார்.

"இதையெல்லாம் எடுக்கலைதான அம்முணி?"

"எடுக்கலைக்கா. சும்மா வெளிச்சம் பார்த்துட்டிருந்தேன்."

அதற்குப் பிறகு இன்னும் கொஞ்சம் கடையல் போட்டார். சாப்பிட்டேன். அது தொண்டையில் சிக்கியது, கையெல்லாம் நடுங்கியது என்று எழுத ஆசையாகத்தான் இருக்கிறது. பொய். நன்றாகச் சாப்பிட்டேன். இப்படி ஒரு ஷாட் கைக்குக் கிடைத்துவிட்டது என்ற சந்தோஷத்தில் பசி கூடத்தான் செய்தது.

அன்றைக்கே அழித்துவிடலாம் என்று ஒரு தடவை நினைத்தேன். அழிக்கவில்லை. மற்றதோடு சேர்ந்து அதுவும் போனது. மூன்று மாசம் கழித்து எடிட்டிங்கில் அதைப் பார்த்த இயக்குநர் எனக்குப் போன் பண்ணிக் கத்தினார், சந்தோஷத்தில். பெயரில்லாத ஒரு பக்கத்து வீட்டுப் பெண்ணாக அக்காவைப் படத்துக்குள் கொண்டுவந்துவிடலாம் என்றார். "அது ஒத்திகைதானே" என்று முனகினேன். "அதான் அவ்வளவு உண்மையா இருக்கு" என்றார். அக்காவுக்குத் தெரியாது, அவர் கேட்டார், நான் இல்லை என்று பொய் சொன்னேன் என்ற மூன்று விஷயத்தையும் நான் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவர் விட்டிருப்பார் என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன்.

படம் வெளிநாட்டு விழாக்களுக்குப் போனது. ஒரு விழாவில் ஒளிப்பதிவுக்கு எனக்குப் பரிசு கொடுத்தார்கள். ஒரு பெண்ணால் மட்டுமே இவ்வளவு நெருக்கமாக எடுக்க முடியும் என்று எழுதினார்கள். வெயிலில் நிற்பாயா என்று கேட்டவர்களே சால்வை போர்த்தினார்கள். பேட்டி எடுத்தவர்கள் எல்லோரும் அந்த ஒரு ஷாட்டைப் பற்றித்தான் கேட்டார்கள். எப்படிக் கிடைத்தது? "நம்பிக்கைதான். முதலில் அவங்க நம்மளை நம்பணும்" என்று சொன்னேன். மேடையில், மைக்கில், சிரித்த முகத்தோடு சொன்னேன். ஒரு பெரிய கம்பெனி தன் அடுத்த படத்துக்கு என்னை ஒப்பந்தம் செய்தது.

அடுத்த வருஷம் பங்குனியில் எங்கள் படம் ஆன்லைனில் வெளியானது. டிரெய்லரின் கடைசியில் என்ன வைத்திருந்தார்கள் தெரியுமா? கறுப்புத் திரை, அதன் மேல் அக்காவின் குரல்: "நீங்க வராத இருந்தா நிம்மதியா இருக்குதுங்க."

ஒடிசாவில் ரிக் வண்டி நின்றிருந்த இடத்தில், மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில், யாரோ ஒருவர் போனில் அதைப் பார்த்திருக்கிறார். நம்ம ஊர்ப் பக்கத்துப் படம் என்று எல்லோரையும் கூப்பிட்டுக் காட்டியிருக்கிறார். அந்தக் கூட்டத்தில் கணவரும் இருந்திருக்கிறார். பிறகு அந்த வண்டியில் அவருக்குப் பட்டப்பெயரே 'நிம்மதி' என்று ஆகிவிட்டதாம். இதையெல்லாம் எங்களுக்கு வீடு பார்த்துக்கொடுத்த உள்ளூர்க்காரர்தான் போனில் சொன்னார். கணவர் இரண்டு மாசம் முன்கூட்டியே ஊருக்கு வந்திருக்கிறார். சண்டை இல்லை, சத்தம் இல்லை. அக்காவை வண்டியில் ஏற்றி ஜேடர்பாளையம் பக்கத்தில் அக்காவின் அம்மா வீட்டில் இறக்கிவிட்டுத் திரும்பிவிட்டார். பெண்ணை மட்டும் அனுப்பவில்லை.

சித்திரை வெயிலில் காரை எடுத்துக்கொண்டு போனேன். வாழைத் தோட்டத்துக்கு நடுவில் வீடு. அக்கா குழாயடியில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்து கையைத் துடைத்துக்கொண்டு, "வாங்க மேடம், உக்காருங்க" என்றார். அந்த மரியாதை செருப்பால் அடித்த மாதிரி இருந்தது. அக்காவின் அண்ணன் மனைவி நிலைப்படியில் நின்றுகொண்டு உள்ளேயும் போகாமல் வெளியேயும் வராமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

தண்ணீர் கொடுத்தார். குடித்தேன். காலி டம்ளரை வாங்கிக்கொண்டு, "நான் கேட்டனுங்களே" என்றார். அதில் கோபம்கூட இல்லை. நிஜமாகவே புரியாமல் கேட்கிற மாதிரி இருந்தது.

"ஆமாக்கா. கேட்டீங்க" என்றேன்.

"அந்தப் பேச்சை மட்டும் எடுத்துப்போட முடியுமுங்களா? மூஞ்சி இருந்தா இருந்துட்டுப் போகுது. அது போயிருச்சுன்னா மாமா அவியகிட்ட பேசிப் பாக்கறேன்னு சொல்றாருங்க. புள்ளைக்கு பத்தாவது வருது. பள்ளிக்கூடம் தொறக்கறதுக்குள்ள நான் ஊடு போய்ச் சேரோணும்."

எடுத்துவிடுகிறேன் என்று சொன்னேன். நிச்சயமாகச் சொன்னேன்.

இயக்குநருக்குப் போன் பண்ணினேன். வீட்டுக்கு அனுமதி வாங்கியாகிவிட்டது, கையெழுத்து இருக்கிறது, வீட்டில் இருக்கிறவர்களும் அதில் அடக்கம் என்று முதலில் எகிறினார். நடந்ததை அப்போதுதான் முழுதாகச் சொன்னேன். அவர் குரல் தணிந்தது. பிறகு, "சும்மா சொன்னா ஆன்லைன் கம்பெனிக்காரங்க அந்தக் காட்சியை எடுக்க மாட்டாங்க. அந்தம்மா கேட்டும் பொய் சொல்லி, அவங்களுக்குத் தெரியாம எடுத்தேன்னு நீ எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடு. உடனே எடுத்துடுவாங்க. என்னால வேற எதுவும் செய்ய முடியாது" என்றார்.

காரில் உட்கார்ந்தபடியே போனில் அந்தக் கடிதத்தை அடித்தேன். பதினோரு வரி. அனுப்ப வேண்டியதுதான் பாக்கி. அனுப்பவில்லை.

பத்து நாளில் பெரிய கம்பெனிப் படம் ஆரம்பிக்க இருந்தது. அந்த ஒரு ஷாட்டைப் பார்த்துத்தான் அவர்கள் என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். இந்தக் கடிதம் போனால் செய்தி பரவும். சொல்லாமல் எடுக்கிற ஆளா இவள் என்பார்கள், பொம்பளையைக் கூப்பிட்டால் இப்படித்தான் என்றுகூடச் சொல்வார்கள். எனக்குப் பின்னால் வருகிற பெண்களுக்கும் கதவு அடைபட்டுவிடும் என்று வேறு நினைத்துக்கொண்டேன். எவ்வளவு பெரிய மனசு பாருங்கள் எனக்கு! முதல் கட்டப் படப்பிடிப்பு முடியட்டும் என்றேன். பிறகு இரண்டாம் கட்டமும் முடியட்டும் என்றேன்.

அக்கா மூன்று தடவை கூப்பிட்டார். இரண்டு தடவை நான் எடுக்கவில்லை. ஒரு தடவை எடுத்து, "பேசிட்டிருக்கேன்க்கா, ஆயிடும்" என்றேன். "சரிங்க, நேரம் இருக்கறப்ப பாருங்க" என்று அவர் வைத்துவிட்டார். பள்ளிக்கூடம் திறக்க அப்போது நாலு நாள் இருந்தது.

ஆவணி முடியும்போது என் படப்பிடிப்பு முடிந்தது. கடைசி நாள் பூசணிக்காய் உடைத்து, கேக் வெட்டி, எல்லோரும் என்னோடு நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். மறுநாள் காலையில் கடிதத்தை அனுப்பினேன். எட்டே நாளில் அந்தக் காட்சியை எடுத்துவிட்டார்கள். டிரெய்லரையும் மாற்றிவிட்டார்கள். எந்தப் பேப்பரிலும் வரவில்லை, யாரும் கவனிக்கவே இல்லை. என்னை ஒருவரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஒரு பூச்சாண்டியைப் பார்த்துத்தான் நான் அத்தனை நாள் பயந்துகொண்டிருந்திருக்கிறேன்.

ஓடிப்போய் அக்காவுக்குப் போன் பண்ணினேன். எடுத்தாயிற்று என்றேன். "அப்பிடிங்களா. சந்தோசமுங்க" என்றார். இனி மாமாவைப் பேசச் சொல்லலாமே என்று நானே எடுத்துக் கொடுத்தேன்.

"மாமா வைகாசியிலயே பேசிப் பாத்துட்டாருங்க. இன்னும் ஓடிட்டுத்தான இருக்குது, நான் எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு கூட்டியாரட்டும்னு அவிய கேட்டாங்களாம். புள்ளையை நாமக்கல்ல ஹாஸ்டல் பள்ளிக்கூடத்துல சேத்துட்டாங்க. மாமாவும் அவரு மக ஊட்டுக்குப் போய்ட்டாரு. ஊடு பூட்டித்தான் கெடக்குதுங்க."

பாப்பாவைப் போய்ப் பார்க்கலாமே என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"மாசத்துல ஒரு ஞாயித்துக்கெழமை பாக்க உடறாங்க. அட்டையில போட்டோ ஒட்டியிருக்கறவங்க மட்டும் உள்ள போலாமாமுங்க. என்ற போட்டோ ஒட்டலைங்க." அப்புறம், "அண்ணன் சினிமாக்காரங்ககூட பேசக்கூடாதுன்னு சொல்லியிருக்குதுங்க. தப்பா நெனைச்சுக்காதீங்க" என்றார். போன் துண்டிக்கப்பட்டது. அதன்பிறகு அந்த எண் எனக்குக் கிடைக்கவே இல்லை.

இப்போது எனக்குக் கைநிறைய வேலை. அந்தக் காட்சியை விழாவில் பார்த்தவர்கள் இன்னும் மறக்கவில்லை. அதைப் பார்த்துத்தான் கேமராவைத் தொட்டேன் என்று போன வாரம்கூட ஒரு பெண் சொன்னாள். அவளிடம் நன்றி என்றேன். கேட்கிறவர்களுக்கு, அன்றைக்குச் சமையலறையில் வாய் தவறிச் சொன்ன ஒரு பொய்தான் என் தப்பு என்று தோன்றலாம். எனக்கும் அப்படிச் சொல்லிக்கொள்ளத்தான் ஆசை. ஆனால் அந்தப் பொய் ஒரு நொடியில் வந்தது, அவசரப்பட்டுவிட்டேன் என்று அதற்காவது ஒரு சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். அந்தக் கடிதத்தை அனுப்பாமல் இருந்தது, ஐந்து மாசமும் நான் தினமும் காலையில் எழுந்து, தெரிந்தே செய்தது.